வாசகர் கேள்வி–பதில்: பிள்ளை திக்கிப் பேசும்போது வீடு என்ன செய்ய வேண்டும்?

குழந்தைகளின் பேச்சு வளர்ச்சி குறித்த ஐயங்களை எழுதி அனுப்பும்படி கேட்டிருந்தோம். வந்த கடிதங்களில் பெரும்பாலானவை திக்குவாய் பற்றியே இருந்ததால், இந்த இதழில் இப்பகுதி முழுவதையும் அதற்கே ஒதுக்கியிருக்கிறோம். கடிதங்கள் சுருக்கப்பட்டுள்ளன, எழுதியவர்களின் பெயர்கள் தவிர்க்கப்பட்டுள்ளன. பதில் அளிப்பவர் ஒரு பேச்சுச் சிகிச்சையாளர்.

என் மகளுக்கு மூன்று வயது நான்கு மாதம். இரண்டு வயதிலேயே கோவையாகப் பேசியவள், சென்ற மாதம் ஒரு நாள் காலையில் எழுந்ததிலிருந்து 'அ… அ… அ… அப்பா' என்று திக்குகிறாள். தெருநாய் துரத்தியதில் பயந்துவிட்டாள், மந்திரித்துக் கயிறு கட்ட வேண்டும் என்கிறார் மாமியார். 'மெதுவாகப் பேசு' என்று நாள் முழுவதும் திருத்துகிறார் கணவர். 'தானாகப் போய்விடும், கண்டுகொள்ளாதீர்கள்' என்கிறார் குழந்தை மருத்துவர். யார் சொல்வதைக் கேட்பது? — ஒரு தாய், திண்டுக்கல்

மூவரில் மருத்துவர் சொல்வதே உண்மைக்கு அருகில் இருக்கிறது. ஆனால் அதில் பாதியைத்தான் அவர் சொல்லியிருக்கிறார்.

திக்கல் பெரும்பாலும் 2 வயதுக்கும் 5 வயதுக்கும் இடையில், அதாவது குழந்தை ஒற்றைச் சொற்களை விட்டு வாக்கியம் வாக்கியமாகப் பேசத் தொடங்கும் காலத்தில்தான் தலைகாட்டும். ஏறத்தாழ 100 குழந்தைகளில் 5 பேராவது இந்தக் கட்டத்தைக் கடக்கிறார்கள். அவர்களில் நான்கில் மூன்று பங்கினருக்குச் சில ஆண்டுகளுக்குள் அது விலகிவிடுவதால், வளர்ந்தவர்களில் நூற்றுக்கு ஒருவர் அளவில்தான் திக்கல் எஞ்சுகிறது. உங்கள் மகளுக்கு நேர்ந்ததைப்போல ஓரிரு நாளில் திடீரெனத் தொடங்குவதும் பரவலாகக் காணப்படுவதே. அப்படித் தொடங்கும்போது, அதற்கு முந்தைய வாரத்தில் நடந்த ஏதோ ஒன்றின்மேல் பழியைப் போடத் தோன்றும்: நாய், இடி, தம்பி பிறந்தது, பள்ளியில் சேர்த்தது. மூன்று வயதுக் குழந்தை பயந்து அழாத வாரம்தான் ஏது? நாய்க்குப் பயந்ததால் திக்கல் வந்துவிடாது. பேச்சுக்கான அசைவுகளை வரிசைப்படுத்தி உரிய நேரத்தில் நடத்தும் மூளைப் பகுதிகளும் அவற்றை இணைக்கும் நரம்புப் பாதைகளும் திக்கும் குழந்தைகளிடம் சற்றே வேறுபட்டு வளர்கின்றன என்பதை ஸ்கேன் ஆய்வுகள் காட்டியுள்ளன. கயிறு கட்டுவதால் தீங்கில்லை. ஆனால், குழந்தையை மடியில் வைத்துக்கொண்டே 'இவளுக்குப் பேச்சு கெட்டுப்போய்விட்டது' என்று ஊராரிடம் விவரிப்பதில் தீங்கு இருக்கிறது.

எல்லாத் தடுமாற்றமும் திக்கல் அல்ல என்பதையும் சொல்ல வேண்டும். 'நான்… நான் வந்து… எனக்கு அந்தப் பந்து வேணும்' என்று முழுச் சொல்லையோ தொடரையோ திரும்பச் சொல்வது, சொல்லைத் தேடும் எல்லாக் குழந்தைகளுக்கும் உள்ளதுதான். முதல் ஒலியையோ அசையையோ பலமுறை சொல்வது, 'ம்ம்ம்மாமா' என்று ஒலியை இழுப்பது, வாய் திறந்தும் ஒலி வெளிவராமல் அடைபட்டு நிற்பது ஆகிய மூன்றும்தான் திக்கலின் அடையாளங்கள். அந்த நேரத்தில் கண்ணை இறுக மூடுவதும், தலையை ஆட்டுவதும், காலால் தரையை உதைப்பதும், பாதியிலேயே 'ஒண்ணுமில்ல' என்று விட்டுவிடுவதும் சேர்ந்துகொண்டால், குழந்தை தன் பேச்சோடு போராடத் தொடங்கிவிட்டது என்று பொருள்.

மருத்துவர் சொல்லாமல் விட்ட மீதிப் பாதி இதுதான்: காத்திருக்கலாம், ஆனால் அதற்கு ஒரு வரம்பு உண்டு. எந்தக் குழந்தைக்குத் தானாக விலகும், எந்தக் குழந்தைக்கு நிலைக்கும் என்பதை இந்த வயதில் யாராலும் அறுதியிட்டுச் சொல்ல முடியாது. நிலைப்பதற்கான வாய்ப்பைக் கூட்டும் சில குறிகள் மட்டும் தெரியும்: பெற்றோரிலோ நெருங்கிய உறவிலோ வளர்ந்த பிறகும் திக்குபவர் இருப்பது, குழந்தை ஆணாக இருப்பது, மூன்றரை வயதுக்குப் பிறகு தொடங்கியது, ஆறு மாதத்திற்கு மேல் நீடிப்பது. இவற்றில் எதுவும் இல்லாவிட்டாலும், ஒருமுறை பேச்சுச் சிகிச்சையாளரிடம் காட்டிவிடுங்கள். சிகிச்சையை எப்போது தொடங்குவது என்பதை அவரோடு பேசி முடிவு செய்துகொள்ளலாம்.

இனி உங்கள் கணவருக்கு. 'மெதுவாகப் பேசு', 'மூச்சை இழுத்துவிட்டுச் சொல்லு', 'முதலிலிருந்து சொல்லு' என்பவை அன்பினால் வரும் சொற்களே. ஆனால், தான் சொல்ல வந்த செய்தியை விட்டுவிட்டுத் தன் வாயைக் கவனிக்கும்படி குழந்தையைப் பழக்குபவையும் அவைதான். மெதுவாகப் பேச வேண்டியவர் அவர். மகள் பேசி முடித்ததும் ஒரு நொடி விட்டு, நிதானமாக, சிறிய வாக்கியங்களில் பதில் சொல்லட்டும். அவள் திக்கும்போது சொல்லை எடுத்துக்கொடுக்காமல், பார்வையைத் திருப்பாமல், முடிக்கும்வரை காத்திருக்கட்டும். பள்ளி விட்டு வந்ததும் 'என்ன சாப்பிட்டே, யாரோடு விளையாடினே, மிஸ் என்ன சொன்னாங்க' என்று கேள்விகளை அடுக்குவதைக் குறைத்து, அவளாகச் சொல்ல வரும்போது கேட்டுக்கொள்ளுங்கள். நாளுக்கு ஐந்து நிமிடம், கைப்பேசியும் தொலைக்காட்சியும் இல்லாமல், அவள் தேர்ந்தெடுத்த விளையாட்டில் அவள் போக்கில் உடனிருப்பது பெரிய உதவி. விருந்தினர் முன்னால் 'மாமாவுக்கு ரைம்ஸ் சொல்லிக் காட்டு' என்பதைச் சில காலம் தள்ளி வையுங்கள். ஒரு வாரம் நன்றாகப் பேசுவாள், அடுத்த வாரம் மீண்டும் கூடும். இந்த ஏற்ற இறக்கம் நோயின் இயல்பே, உங்கள் தவறு அல்ல.

'கண்டுகொள்ளாதீர்கள்' என்பதில் மட்டும் எனக்கு உடன்பாடில்லை. அவளே 'எனக்குப் பேச வரலையே' என்று கேட்கும் நாளில், கேட்காததுபோல் இருந்துவிட்டால், இது வீட்டில் பேசக்கூடாத செய்தி என்று புரிந்துகொள்வாள். 'அந்தச் சொல் கொஞ்சம் மாட்டிக்கிச்சு, பரவாயில்லைடா, அம்மா கேட்டுக்கிட்டுத்தானே இருக்கேன்' என்று சொல்லுங்கள், அதுவே போதும்.

பேரனுக்கு ஐந்து வயது, திக்கிப் பேசுகிறான். வசம்பைச் சுட்டு உரைத்துத் தேனில் குழைத்து நாக்கில் தடவி வருகிறோம். நாக்குக்கு அடியில் உள்ள நரம்பை அறுத்துவிட்டால் சரியாகும் என்று தெரிந்தவர் ஒருவர் சொல்கிறார். கூழாங்கல்லை வாயில் போட்டுப் பேசப் பழக்கலாமா? — ஒரு தாத்தா, திருநெல்வேலி

மூன்றும் வேண்டாம், ஐயா. நாக்கின் அமைப்பில் கோளாறு இருப்பதால் திக்கல் வருவதில்லை. அதே பேரன் பாடும்போது அதே நாக்கு தடையின்றிப் புரள்வதை நீங்களே கவனித்திருப்பீர்கள். நாக்கின் அடிச்சவ்வு குட்டையாக இருந்தால் கைக்குழந்தைக்குப் பால் குடிப்பதிலும், பின்னர் சில ஒலிகளை உச்சரிப்பதிலும் இடர் வரலாம், திக்கல் வராது. 1841-இல் பெர்லின் நகரத்து அறுவை மருத்துவர் டீஃபன்பாக் திக்குவாய்க்காக நாக்கையே வெட்டிப் பார்த்தார். நோயாளிகள் துன்பப்பட்டதுதான் மிச்சம். கூழாங்கல் கதை பண்டைய கிரேக்கப் பேச்சாளர் டெமாஸ்தனிஸைப் பற்றியது. ஐந்து வயதுப் பிள்ளைக்கு அது தொண்டையில் அடைத்துக்கொள்ளும். வசம்பைப் பொறுத்தவரை, பிள்ளை வளர்ப்பான் என்று நம் வீடுகள் அதைப் போற்றிவந்தது உண்மைதான். எனினும், அதிலுள்ள அசரோன் என்ற பொருள் விலங்குகளுக்குப் புற்றுநோய் உண்டாக்கியதால் 1968-இலேயே அமெரிக்கா அதை உணவில் சேர்ப்பதைத் தடை செய்தது. திக்கலுக்கு அதனால் பயன் இருப்பதாகச் சான்று எதுவும் இல்லாதபோது, ஒவ்வொரு நாளும் ஏன் கொடுக்க வேண்டும்?

மகன் இடக்கைப் பழக்கம் உள்ளவன். வலக்கைக்கு மாற்றியதால்தான் திக்குகிறானா? வீட்டில் தமிழும் பள்ளியில் ஆங்கிலமும் பேசுவதால் குழம்புகிறான், வீட்டிலும் ஆங்கிலமே பேசுங்கள் என்று பள்ளியில் சொல்கிறார்கள். — ஒரு தந்தை, கோயம்புத்தூர்

இடக்கை பற்றிய கருத்து 1920-களிலும் 30-களிலும் அமெரிக்காவின் அயோவா பல்கலைக்கழகத்திலிருந்து பரவியது. இங்கிலாந்து மன்னர் ஆறாம் ஜார்ஜ் சிறுவயதில் வலக்கைக்கு மாற்றப்பட்டவர், திக்கிப் பேசியவர் என்பதால் அது மக்கள் மனத்தில் நன்றாகப் பதிந்துவிட்டது. பிந்தைய ஆய்வுகள் அதை உறுதிப்படுத்தவில்லை. ஆனாலும் மகனை இடக்கையாலேயே எழுத விடுங்கள். அதற்குத் திக்கல் என்ற காரணம் தேவையில்லை. இரண்டு மொழிகள் பேசுவதால் திக்கல் வருவதும் இல்லை, வீட்டு மொழியைக் கைவிடுவதால் அது போவதும் இல்லை. பாட்டியிடம் கதை கேட்கும் மொழியை நிறுத்திவிட்டு, உங்களுக்கே சரளமாக வராத மொழியில் பிள்ளையோடு உரையாடத் தொடங்கினால், வீட்டில் பேச்சே குறைந்துவிடும்.

என் வகுப்பில் ஏழாம் வகுப்பு மாணவன் ஒருவன். தனியாக வாசிக்கச் சொன்னால் எழுந்து நிற்கிறானே தவிர ஒரு சொல்லும் வருவதில்லை. ஆனால், வகுப்பு முழுவதும் சேர்ந்து திருக்குறள் ஒப்பிக்கும்போது அவன் குரல் தடையில்லாமல் கேட்கிறது. நடிக்கிறானோ என்று சக ஆசிரியர்கள் ஐயப்படுகிறார்கள். வாசிப்பிலிருந்து அவனுக்கு விலக்கு அளித்துவிடலாமா? — ஓர் ஆசிரியை, விழுப்புரம்

நீங்கள் கவனித்தது மிகச் சரி. அதிலிருந்து சக ஆசிரியர்கள் எட்டிய முடிவுதான் தவறு. பிறரோடு சேர்ந்து ஒரே நேரத்தில் சொல்லும்போதும், பாடும்போதும், தனிமையில் பேசும்போதும், நாய்க்குட்டியிடமோ கைக்குழந்தையிடமோ கொஞ்சும்போதும் திக்கல் பெரும்பாலோருக்கு மறைந்துவிடும் அல்லது மிகக் குறைந்துவிடும். குறளைச் சேர்ந்து சொல்கையில் தாளத்தையும் தொடக்க நேரத்தையும் பிறர் குரல்கள் அவனுக்கு எடுத்துக்கொடுக்கின்றன. தனியாக நிற்கும்போது அவை இரண்டையும் அவன் மூளையே உருவாக்க வேண்டியிருக்கிறது. ஆகவே, இது நடிப்பு அல்ல. திக்கலுக்கே உரிய அடையாளம். தனி வாசிப்புக்கு முன்னால், பக்கத்து மாணவனோடு இருவராகச் சேர்ந்து வாசிக்க வைப்பதற்கு இதையே நீங்கள் பயன்படுத்திக்கொள்ளலாம்.

முழு விலக்கு வேண்டாம். 'உன்னால் முடியாது, அதனால் உன்னைக் கேட்கவில்லை' என்பதாகவே அது அவனுக்குக் கேட்கும். அவனைத் தனியே அழைத்து, எப்படி நடத்தினால் எளிதாக இருக்கும் என்று அவனையே கேளுங்கள். பெரும்பாலும் பிள்ளைகள் சொல்லும் விடை நமக்கு வியப்பாக இருக்கும்: வாசிப்பதைவிட வாசிக்கும் முறைக்காகக் காத்திருப்பதே அவர்களுக்குக் கொடுமையாக இருக்கிறது. முதல் வரிசையிலிருந்து பத்திக்கு ஒருவராக வாசித்துக்கொண்டு வரும்போது, தனக்கு எந்தப் பத்தி வரும், அதில் எந்தச் சொல் மாட்டும் என்று எண்ணி எண்ணி, அதற்கு முன் வாசிக்கப்பட்ட எதுவும் காதில் விழாமல் அவன் உட்கார்ந்திருப்பான். வரிசையை விட்டுவிடுங்கள், அல்லது முதலிலேயே அவனை அழைத்துவிடுங்கள். வருகைப் பதிவின்போது 'உள்ளேன் அம்மா' வராவிட்டால் கையை உயர்த்தினால் போதும் என்று வகுப்பு முழுவதற்கும் பொதுவாக அறிவித்துவிடலாம். தன் பெயரைச் சொல்வது பலருக்கும் எல்லாவற்றிலும் கடினம். ஏனெனில் மற்ற எந்தச் சொல்லுக்கும் வேறொரு சொல்லை மாற்றிப் போட்டுத் தப்பிவிடலாம், பெயருக்கு அது முடியாது. எனவே புதிதாக வரும் அதிகாரி ஒவ்வொருவரையும் எழுந்து பெயர் சொல்லச் சொல்லும் நாளில் அவனுக்குக் கூடுதல் நேரம் வேண்டும் என்று அவரிடம் முன்கூட்டியே சொல்லிவையுங்கள்.

வாய்மொழித் தேர்வில் அவன் என்ன சொல்கிறான் என்பதற்கு மதிப்பெண் கொடுங்கள், எவ்வளவு விரைவாகச் சொல்கிறான் என்பதற்குக் கொடுக்காதீர்கள். கேலியை மட்டும் ஒரு நாளும் பொறுத்துக்கொள்ளாதீர்கள். திரையில் திக்குவாய்ப் பாத்திரம் வந்தாலே சிரிக்க வேண்டும் என்று பல பத்தாண்டுகளாக நம் பிள்ளைகளுக்கு நாமே கற்றுக்கொடுத்திருப்பதால், 'விளையாட்டுக்குத்தான் மிஸ்' என்ற பதில் உங்களுக்குக் கிடைக்கும். அவனை வைத்துக்கொண்டு அறிவுரை கூறினால் அவன் இன்னும் கூனிப்போவான். கேலி செய்தவர்களைத் தனியே அழைத்துப் பேசுங்கள். திக்கல் என்பது என்ன என்று வகுப்புக்கு விளக்க அவன் விரும்பினால், அதை அவனே சொல்லட்டும். பல பள்ளிகளில் அதன் பிறகு கேலி அடங்கிப்போனதைப் பார்த்திருக்கிறேன்.

எனக்குச் சிறுவயது முதல் திக்குவாய். நான்கு வயது மகனுக்கும் இப்போது தொடங்கியிருக்கிறது. என்னைப் பார்த்துத்தான் கற்றுக்கொண்டான் என்று மனைவி வீட்டார் சொல்கிறார்கள். அவன் காதில் விழக்கூடாது என்று வீட்டில் பேசுவதையே குறைத்துவிட்டேன். நான் செய்வது சரிதானா? — ஒரு தந்தை, நாகர்கோவில்

சரியல்ல, உடனே பேசத் தொடங்குங்கள். இது பார்த்துக் கற்றுக்கொள்ளும் பழக்கமாக இருந்தால், திக்கும் ஆசிரியரிடம் படித்த வகுப்பே திக்க வேண்டும். மரபணுவுக்கு இதில் பங்கு உண்டு என்பதை இரட்டையர் ஆய்வுகள் நெடுங்காலமாகக் காட்டிவந்தன. 2010-இல் டென்னிஸ் டிரேனா தலைமையில் அமெரிக்கத் தேசிய சுகாதார நிறுவன ஆய்வாளர்கள், பாகிஸ்தானியக் குடும்பங்களிலிருந்து தொடங்கிய ஆய்வில், திக்கலோடு தொடர்புடைய மூன்று மரபணுக்களை அடையாளம் கண்டார்கள். திக்குபவர்களில் சிறு பங்கினருக்கு மட்டுமே அவை பொருந்தும். ஆனால், மூக்கும் முழியும் இறங்கிவரும் வழியிலேயே இதுவும் இறங்கிவரலாம் என்பது உறுதிப்பட்டது. உங்கள் மூக்கு மகனுக்கு வந்ததற்காக நீங்கள் வீட்டில் முகத்தை மறைத்துக்கொள்கிறீர்களா?

பெற்றோரைக் குற்றவாளியாக்கும் போக்குக்கு ஒரு வரலாறு உண்டு. அயோவா பல்கலைக்கழகத்தில் திக்கலை ஆராய்ந்த வெண்டல் ஜான்சன், தாமே திக்கிப் பேசியவர். பெற்றோர் குறை சொல்லிச் சொல்லியே சாதாரணத் தடுமாற்றம் திக்கலாக மாறுகிறது என்ற கொள்கை அவருடையது. 1939-இல் அவருடைய மேற்பார்வையில், மேரி டியூடர் என்ற மாணவி, அனாதை இல்லத்துக் குழந்தைகள் 22 பேரை வைத்து ஒரு சோதனை நடத்தினார். நன்றாகப் பேசிய சிலரிடம் 'உனக்குத் திக்குகிறது, திருத்திக்கொள்' என்று திரும்பத் திரும்பச் சொல்லப்பட்டது. இரக்கமற்ற அந்தச் சோதனைக்காக 2001-இல் அப்பல்கலைக்கழகம் மன்னிப்புக் கேட்டது. அதன் பதிவுகளைப் பின்னாளில் மீண்டும் ஆராய்ந்தவர்கள், அந்தக் குழந்தைகள் திக்குவாயர் ஆனதற்குச் சான்று இல்லை என்று கண்டார்கள். ஆனால், அவர்களில் சிலர் பேசவே கூசி ஒடுங்கினார்கள். குறை சொல்வதால் திக்கல் பிறப்பதில்லை, மௌனம் பிறக்கிறது. இப்போது அந்த மௌனத்தில் இருப்பவர் நீங்கள். திக்குபவன் பேசக்கூடாது என்ற பாடத்தை மகன் உங்களைப் பார்த்துத்தான் கற்பான்.

உங்கள் வீட்டில் அவனுக்கு ஒரு நன்மை இருக்கிறது: அவனைப் புரிந்துகொள்ள யாரும் உங்களுக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை. கடைக்குப் போகும்போது அவனையும் அழைத்துச் செல்லுங்கள். திக்கியே பொருள் கேட்டு வாங்குங்கள். இந்தியன் ஸ்டாமரிங் அசோசியேஷன் என்ற சுய உதவி அமைப்பு, திக்குபவர்களாலேயே நடத்தப்படுகிறது. வளர்ந்தவர்கள் சந்தித்துப் பேசிப் பழகுவதற்கு அது இடம் தருகிறது. அது உங்களுக்கும் வேண்டியிருக்கலாம்.

'21 நாளில் திக்குவாய் முற்றிலும் குணம், கட்டணம் முன்பணம்' என்று விளம்பரம் பார்த்தோம். நம்பலாமா? உண்மையான சிகிச்சை எங்கே கிடைக்கும், என்ன செய்வார்கள்? — பெற்றோர், கரூர்

நாளைக் குறித்துக் குணப்படுத்துவதாகச் சொல்பவரிடம் போகாதீர்கள். நீட்டி இழுத்தோ தாளத்தோடோ பேசவைத்துச் சில வாரங்களுக்குத் திக்கலை மறைத்துவிட முடியும். ஊர் திரும்பிய பிறகு அது மீளும்போது, பிள்ளை தன்னையே நொந்துகொள்கிறான். சிகிச்சை அளிப்பவர் இந்திய மறுவாழ்வு கவுன்சிலில் பதிவு பெற்றவரா என்று கேளுங்கள். கேட்பது அவமதிப்பு அல்ல. பதிவு எண்ணை அவர் தயங்காமல் காட்ட வேண்டும். அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைகள் பலவற்றில் காது மூக்கு தொண்டைப் பிரிவிலோ, குழந்தைகளுக்கான மாவட்டத் தொடக்க இடையீட்டு மையத்திலோ பேச்சுச் சிகிச்சையாளர் இருப்பார். முதலில் அங்கே விசாரியுங்கள். சென்னையை அடுத்த முட்டுக்காட்டில் உள்ள மத்திய அரசின் பல்வகை மாற்றுத்திறனாளிகள் நிறுவனமும், 1960-களிலிருந்து இயங்கும் மைசூர் அகில இந்தியப் பேச்சு மற்றும் செவிப்புலன் நிறுவனமும் பெரிய மையங்கள்.

ஆறு வயதுக்கு உட்பட்ட குழந்தைகளுக்கு மிகுதியாக ஆராயப்பட்ட முறை, ஆஸ்திரேலியாவில் உருவான லிட்கம் முறை. இதில் சிகிச்சை தருபவர் பெற்றோரே. நாள்தோறும் சிறிது நேரம் குழந்தையோடு விளையாட்டாகப் பேசும்போது, திக்காமல் வந்த பேச்சை 'அழகாகச் சொன்னே' என்று அளவாகப் பாராட்டுவார்கள். அன்றைய திக்கல் எந்த அளவில் இருந்தது என்று எண்ணால் குறித்துவருவார்கள். வாரந்தோறும் சிகிச்சையாளர் அதைப் பார்த்து அடுத்த படியைச் சொல்வார். அவர் வழிகாட்டாமல் நீங்களாகத் தொடங்க வேண்டாம். பாராட்டும் அளவு மீறினால் தொந்தரவாகிவிடும். குழந்தையின் மீதான அவசரங்களையும் எதிர்பார்ப்புகளையும் குறைக்கும் வேறொரு முறையை நெதர்லாந்தில் இதனோடு ஒப்பிட்டுப் பார்த்தபோது, ஒன்றரை ஆண்டு முடிவில் இரண்டும் ஏறத்தாழ ஒரே பலனைத் தந்தன. ஆகவே, எந்த முறை என்பதில் அதிகம் குழம்ப வேண்டாம். பத்து வயதைக் கடந்த பிள்ளைகளுக்குத் திக்கலை அடியோடு நீக்குவது இலக்காக இருக்காது; இறுக்கமில்லாமல் திக்கவும், பேச வேண்டிய இடத்தில் ஒதுங்காமல் பேசவும் பழக்குவார்கள். இதைக் கேட்டுப் பெற்றோர் பலர் ஏமாற்றமடைகிறார்கள், பிள்ளைகள் பெரும்பாலும் நிம்மதியடைகிறார்கள்.

முதல்முறை செல்லும்போது, வீட்டில் பிள்ளை இயல்பாகப் பேசிக்கொண்டிருப்பதை இரண்டு மூன்று வெவ்வேறு நாட்களில் கைப்பேசியில் பதிவு செய்து எடுத்துச் செல்லுங்கள். சிகிச்சையாளரின் அறையில் உட்கார்ந்ததும் ஒரு சொல்லும் திக்காமல் பேசி, பெற்றோரைப் பொய்யராக்கும் பிள்ளைகள் ஏராளம்.